ஆறாவது கோட்டு

ஒதெத்: ஆடாம நில்லுங்க கஸ்பார். ஊசி குத்தினா என்னைத் திட்டக் கூடாது.

கஸ்பார்: பன்னெண்டு வருஷமா குத்தறீங்க. இன்னிக்கு என்ன புதுசா?

ஒதெத்: சிரிக்க வைக்காதீங்க... வாயில குண்டூசி இருக்கு. எந்தப் படத்துக்கு இந்தக் கோட்டு? அதைச் சொல்லவே இல்லையே.

கஸ்பார்: முதல்ல தைங்க.

ஒதெத்: நான் எழுதற படத்துக்குத்தான் நான் தைப்பேன். வசனமும் நான், துணியும் நான். ஸ்டூடியோ பூரா தெரிஞ்ச விஷயம்.

கஸ்பார்: என் இடது தோள் இறக்கம்னு உங்க ஒருத்திக்குத்தானே தெரியும்! வேற தையல்காரன்கிட்ட எப்படிப் போறது?

ஒதெத்: சரி... சீன் என்ன?

கஸ்பார்: சர்ச்சு. காலை பதினோரு மணி.

ஒதெத்: யார் எழுதினது?

கஸ்பார்: யாரும் எழுதல... சனிக்கிழமை எனக்குக் கல்யாணம், ஒதெத்.

ஒதெத்: யாரோட?

கஸ்பார்: பேரு மிரேய். பல் டாக்டர் பொண்ணு. சினிமாவே பார்க்க மாட்டா.

ஒதெத்: நல்லதாப் போச்சு. அவளுக்காவது உங்க மூஞ்சி அலுக்காம இருக்கும். திரும்புங்க... முதுகைக் காட்டுங்க.

கஸ்பார்: கோவமா?

ஒதெத்: முதுகைக் காட்டச் சொன்னேன்.

கஸ்பார்: உள் பாக்கெட் காலியா இருக்கே.

ஒதெத்: கல்யாணக் கோட்டுல வேற என்ன இருக்கணும்?

கஸ்பார்: ஒவ்வொரு படத்துக்கும் ஒரு கடிதம் வைப்பீங்களே. கதாநாயகி எழுதினதா... கேமரா பார்க்கவே பார்க்காது.

ஒதெத்: பாக்கெட்ல ஏதாவது இருந்தா நடிகனுக்கு நடை மாறும். அது தொழில்.

கஸ்பார்: "நீ வரல. ரெண்டு கப் காபி போட்டு ரெண்டையும் நானே குடிச்சேன்." போன படத்துக் கடிதம் இது. கதைப்படி அந்தக் கதாநாயகி ஜெயில்ல இருக்கா. காபி ஏது?

ஒதெத்: எழுதினவ அசந்திருப்பா.

கஸ்பார்: அஞ்சு படத்துலயுமா?

ஒதெத்: கையைத் தூக்குங்க.

கஸ்பார்: ஒவ்வொண்ணுக்கும் பதில் எழுதினேன். அதே பாக்கெட்ல வச்சேன்... பார்த்தீங்களா?

ஒதெத்: ஷூட்டிங் முடிஞ்ச அன்னிக்கே துணி எல்லாம் வெளுக்கப் போயிடும்.

கஸ்பார்: ஐயோ... அப்ப எல்லாம் தண்ணியில போச்சா? நீங்க படிச்சிட்டுத்தான் வாயைத் திறக்கலன்னு இத்தனை வருஷம் நினைச்சிட்டு இருந்தேன்.

ஒதெத்: கண்ணாடியைப் பாருங்க. நீளம் சரிதானே?

கஸ்பார்: பேச்சை மாத்தாதீங்க. படிச்சிருந்தா... என்ன சொல்லியிருப்பீங்க?

ஒதெத்: மிரேய்க்கு இந்த நீலம் பிடிக்குமா?

கஸ்பார்: ஒதெத்... என் மூஞ்சியைப் பார்த்துச் சொல்லுங்க.

ஒதெத்: படிச்சேன். அஞ்சையும். வெளுக்கப் போடறதுக்கு முன்னாடி நானே எடுத்து வச்சிக்கிட்டேன். அஞ்சுலயும் அடியில அந்தந்தக் கதாநாயகன் பேரு. ஒரு தடவையாவது 'கஸ்பார்'னு எழுதுவீங்கன்னு பார்த்துக்கிட்டே இருந்தேன்... நானும் என் பேரைப் போடலதான். ஆறாவது படத்துக் கடிதத்துல போடலாம்னு இருந்தேன்.