புகார் எதுவும் இல்லை

வாடகை இல்லாத வீடு என்றால் யார்தான் வேண்டாம் என்பார்கள்? அதுவும் மூன்று அறை, சுற்றுச்சுவர், பின்னால் வற்றாத கிணறு. சாவியைக் கையில் கொடுத்தபோது என் தங்கை அழுதேவிட்டாள்.

நீங்கள் நிதானமாக எழுதிக்கொள்ளுங்கள் ஐயா. எனக்கு அவசரம் இல்லை.

பேட்டரி கம்பெனியில் நிலங்களைக் கவனிக்கும் மேலாளர் நான். பழைய ஆலையை மூடியதும் அந்த இடத்து மண்ணை நாங்களே ரகசியமாகச் சோதித்தோம். இரண்டு ஆள் ஆழத்துக்கு ஈயம், கிணற்றிலும் ஈயம். கெடுத்தவரே சுத்தம் செய்ய வேண்டும் என்பது சட்டம். அதற்கு ஆகும் செலவைக் கேட்டு முதலாளி நாற்காலியில் சரிந்துவிட்டார். கம்பெனியையே விற்றாலும் பற்றாது. நானூறு பேருக்கு வேலை போகும். என் வேலையும்தான்.

ஆனால் சட்டத்தில் ஓர் ஓட்டை இருந்தது. அந்த இடத்தில் ஒரு குடும்பம் ஐந்து வருடம் குடியிருந்து, வருடா வருடம் 'புகார் எதுவும் இல்லை' என்று எழுதிக் கையெழுத்துப் போட்டால் அரசாங்கம் கோப்பை மூடிவிடும். அதன்பின் கம்பெனியை யாரும் கேட்க முடியாது.

“ஆளைப் பாருங்க. வாயைத் திறக்காத ஆளா இருக்கணும்,” என்றார் முதலாளி.

நான் பிறவிச் சந்தேகக்காரன். வீட்டைப் பூட்டினால் மூன்று முறை இழுத்துப் பார்ப்பேன். வெளியாளைக் குடிவைத்தால் என்றைக்காவது அவனுக்குத் தலைவலிக்கும், ஒரு டாக்டர் கேள்வி கேட்பார், ஒரு வக்கீல் மோப்பம் பிடிப்பார். உலை வாயை மூடலாம், ஊர் வாயை மூட முடியுமா? என்னைச் சந்தேகிக்காத ஜீவன் உலகத்தில் ஒன்றுதான் இருந்தது. கணவனை இழந்து, நான்கு வயது மகளோடு ஒற்றை அறையில் ஒண்டியிருந்தாள்.

முதல் இரண்டு கையெழுத்தும் சிரமமில்லாமல் வந்தன. மாதம் ஒருமுறை போய்ப் பார்ப்பேன். ஒருநாள் தங்கை சிரித்துக்கொண்டே கேட்டாள்: “ஏண்ணா, இங்க வந்தா மட்டும் ஒரு வாய் தண்ணிகூடக் குடிக்க மாட்டேங்கறே? என் கையில விஷமா இருக்கு?”

“இப்பத்தான் வழியில டீ குடிச்சேம்மா,” என்றேன்.

அவள் விளையாட்டாகக் கேட்டாளா, ஆழம் பார்த்தாளா என்று வழியெல்லாம் யோசித்தேன். அடுத்த முறை டம்ளரை வாங்கி உதட்டில் வைத்தேன். அவள் அடுப்படிக்குப் போனதும் ஜன்னல் வழியாக ஊற்றிவிட்டேன்.

மூன்றாம் வருடம் அவள் மகள் படித்த எழுத்தையெல்லாம் மறக்க ஆரம்பித்தாள். சமதரையில் தடுக்கி விழுந்தாள். ரத்தப் பரிசோதனை செய்யச் சொன்னார் பள்ளிக்கூட டீச்சர். அளவுக்கு மீறி அக்கறை காட்டுகிறவர்களை எனக்குப் பிடிக்காது.

“நீ எதுக்கும்மா அலையறே, நானே கூட்டிட்டுப் போறேன்,” என்றேன்.

என் மகளுக்கும் அதே வயது. தங்கை மகளை என் வீட்டில் டிவி முன்னால் உட்கார வைத்துவிட்டு, என் மகளைப் பரிசோதனைக்கூடத்துக்குக் கூட்டிப்போனேன். பெயர் மட்டும் மாற்றிச் சொன்னேன். ரத்தத்தில் ஒரு குறையும் இல்லை என்று தாள் வந்தது.

தங்கை அந்தத் தாளைக் கண்ணில் ஒற்றிக்கொண்டாள். “உன்னைப் போய் ஒரு நிமிஷம் சந்தேகப்பட்டுட்டேண்ணா. மன்னிச்சிடு,” என்றாள். மன்னித்தேன்.

ஐந்தாம் வருடம் அவளால் பேனா பிடிக்க முடியவில்லை. மணிக்கட்டு துவண்டு தொங்கியது. நல்லவேளை, நான் மைப்பெட்டி கொண்டு போயிருந்தேன். கட்டைவிரலை நானே பிடித்துத் தாளில் ஒற்றினேன். கோப்பு மூடப்பட்டது.

ஒன்பதாம் நாள் குழந்தைக்கு வலிப்பு வந்தது. ஆஸ்பத்திரியில் என்னைக் கேட்காமலே ரத்தம் எடுத்துவிட்டார்கள். அதில் ஈயம் தெரிந்துவிட்டது. அதனால்தான் நீங்கள் என் வீட்டுக்கு வந்தீர்கள். “எங்கண்ணன் அப்படிச் செய்யவே மாட்டாரு, வேற யாரையாவது விசாரிங்க,” என்று தங்கை உங்களிடம் சண்டை போட்டாளாம். கேட்டு எனக்குக் கண் கலங்கிவிட்டது.

ஆமாம், நான்தான். மண்ணைப் பற்றிய அறிக்கையை முழுக்கப் படித்த பிறகுதான் அவளுக்குச் சாவி கொடுத்தேன். குழந்தை இன்னும் கண் திறக்கவில்லை என்கிறீர்கள். வருத்தம்தான். ஆனால் கஷ்டமெல்லாம் தங்கைக்கு மட்டும்தான் என்று எழுதிவிடாதீர்கள். அன்று ஊசி குத்தியபோது என் மகள் வீறிட்டு அழுதாள் ஐயா. எங்கள் பங்கையும் அதில் சேர்த்துக்கொள்ளுங்கள்.