படத்தில் இல்லாத அடுப்பு

ஓதில்: பொய் சொல்லாதே மர்ஸோ. அந்தப் பேய்ப் படத்தோட கதை உன்னோடதுதானே?

மர்ஸோ: எந்தப் பேய்ப் படம்? ஆம்லெட் ஆறுது, சாப்பிடு.

ஓதில்: பேச்சை மாத்தாதே. புதன்கிழமை படம் வந்த அன்னிக்கே முதல் காட்சிக்குப் போய், எத்தனை பேர் வந்திருக்காங்கன்னு தலை எண்ணிட்டு வந்தேன்.

மர்ஸோ: நீயா? பேய்ப் படத்துக்கா? போஸ்டரைப் பார்த்தாலே மூஞ்சியைச் சுளிப்பியே!

ஓதில்: மழை... ஒதுங்கினேன்.

மர்ஸோ: ஓஹோ. அன்னிக்கு பாரிஸ் முழுக்கச் சுள்ளுன்னு வெயில்... சரி, விடு. கதைன்னு யார் பேர் போட்டிருந்துச்சு?

ஓதில்: லோர்மோன்னு எவனோ. பேரை மாத்தினா ஆள் மாறிடுவானா? இருபது வருஷம், பதினொரு படம். துப்பறியும் படம், சிரிப்புப் படம், போர்ப் படம்... எல்லாத்துக்கும் நீ கதை, நான் வசனம். உன் கதாநாயகன் எவனா இருந்தாலும் பாதி வழியில திரும்பி வந்து கேஸ் அடுப்பை அணைச்சோமான்னு பார்ப்பான். இதுலயும் பார்க்கிறான்!

மர்ஸோ: ...பார்க்கிறானா?

ஓதில்: பேய் துரத்துது, அந்த மடையன் அடுப்படிக்கு ஓடறான். உன்னை விட்டா எவனுக்கு அந்தப் புத்தி வரும்?

மர்ஸோ: சரி தாயே, நான்தான். கத்தாதே, கடையில எல்லாரும் திரும்பிப் பார்க்கிறாங்க.

ஓதில்: பார்க்கட்டும்! வசனத்துக்கு வேற ஆளைப் பிடிச்சிட்டேல்ல? கார்னியேவாம். யாருய்யா அவன்?

மர்ஸோ: மூஞ்சி தெரியாது. தயாரிப்பாளர் மூலமாத்தான் காகிதம் போகும், வரும். ஆனா என்னமா எழுதறான்...

ஓதில்: என்னை விடவா?

மர்ஸோ: போன படம் ஊத்திக்கிட்டப்ப, செத்தாலும் இனி உன் கதைக்கு ஒரு வரி எழுதமாட்டேன்னு சொன்னது யாரு?

ஓதில்: ஒவ்வொரு படத்துக்கும்தான் சொல்றேன்! பதினொரு தடவை சொன்னேன். பத்து தடவை நீ வந்து கதவைத் தட்டினே. இந்தத் தடவை வரல. எட்டு மாசம், மர்ஸோ. படியில சத்தம் கேட்டாலே எழுந்து போய்ப் பார்ப்பேன். வயிறு எரியுது எனக்கு.

மர்ஸோ: ஓதில்... ஒண்ணு கேக்கட்டா?

ஓதில்: என்ன?

மர்ஸோ: அந்த அடுப்புக் காட்சி படத்துலயே இல்லையே.

ஓதில்: இல்லையா? நல்லாப் பார்த்தேனே!

மர்ஸோ: நீளமா இருக்குன்னு படம் எடுக்கறதுக்கு முன்னாடியே வெட்டிட்டாங்க. முதல் பிரதியில மட்டும்தான் இருந்துச்சு. அதைப் படிச்சது மூணே பேர். நான், தயாரிப்பாளர், கார்னியே.

ஓதில்: உளறாதே. யாரோ... சொல்லிக் கேட்டேன்.

மர்ஸோ: இன்னொண்ணு. நீ எழுதற ஆளுங்க வாய்ச்சண்டையில தோத்துட்டா மன்னிப்புக் கேக்க மாட்டாங்க, உப்பு கேப்பாங்க. கார்னியே எழுதற ஆளுங்களும் அதையேதான் கேக்கறாங்க.

ஓதில்: அப்ப, தெரிஞ்சுக்கிட்டேதான் இத்தனை நாளா வாயை மூடிக்கிட்டு...

மர்ஸோ: தெரிஞ்சுக்கறது என்ன? என் பேரைச் சொன்னா தொடமாட்டா, ஆனா ஓதில்தான் எழுதணும்னு தயாரிப்பாளர் கால்ல விழுந்ததே நான்தான். அதுக்குத்தான் லோர்மோங்கிற பேரு. நீ ஏன் கார்னியேங்கிற பேர்ல ஒளிஞ்சே, அதைச் சொல்லு.

ஓதில்: சபதம் போட்டவ சொந்தப் பேர்லயா எழுதுவா? ...ஆம்லெட் ஆறிப்போச்சு. அந்த உப்பை இப்படித் தள்ளு.