திறந்து நிற்காத கதவு

ஜன்னலைச் சாத்த வேண்டாம், சார்ஜன்ட். காற்று வரட்டும். பாய்லர் அறையில் வேலை பார்க்கிறவனுக்கு ஜன்னல் ஓரம் கிடைப்பதே பெரிய காரியம்.

நீங்கள் கேட்டது ஒரே ஒரு கேள்வி. புயல் எச்சரிக்கை எதுவும் இல்லாத நாளில், என் தங்கை உள்ளே இருக்கும்போது, வீட்டுக் கதவுக்கு வெளியே புயல் கட்டையை ஏன் குறுக்கே போட்டாய் என்று கேட்டீர்கள். நியாயமான கேள்விதான். ஆனால் அந்தக் கதவைப் பற்றிப் பேச வேண்டுமானால் முதலில் வேறொரு கதவைப் பற்றிப் பேசியாக வேண்டும். நான் வேலை பார்க்கும் ஹோட்டலின் சமையலறையில் தட்டு கழுவும் இயந்திரம் ஒன்று இருக்கிறது. அதன் கதவு திறந்து நிற்காது.

பிளேன் மாக்னியன் ஊரில் விமானம் ஓட்டுகிறவர்கள் வந்து தங்குகிற ஹோட்டல் அது. உங்களுக்குத் தெரியாததா. நான் அங்கே மெக்கானிக். இயந்திரம் இங்கிலாந்திலிருந்து கப்பலில் வந்தது. ஆள் உயர இரும்புப் பெட்டி. கதவை மேலே தூக்க வேண்டும். கதவின் இரண்டு பக்கமும் கம்பி வடம், வடத்தின் மறுமுனையில் எடைக்கட்டி, அது பெட்டிக்குப் பின்னால் தொங்கும். எடையும் கதவும் ஒத்துப்போனால் விட்ட இடத்தில் கதவு நிற்கும். கடல் காற்றில் வடம் துருப்பிடித்து இழுபட்டுவிட்டது. தூக்கிவிட்டுக் கையை எடுத்தால் கதவு மெல்ல மெல்ல இறங்கி வந்துவிடும். மூடிக்கொண்டதும் உள்ளே கொதிநீர் தானாகப் பாயும்.

சமையலறையில் க்ளெமான் இருந்தானே, அவன் சவுக்குக் கட்டை ஒன்றை முட்டுக் கொடுத்து வேலையை ஓட்டிக்கொண்டிருந்தான். அழுக்குத் தட்டுகளைக் கூடையில் அடுக்கி உள்ளே தள்ளுவது அவன். கழுவிய கூடையை எதிர்ப்பக்கமிருந்து இழுத்து வெளியே எடுப்பது என் தங்கை தனலட்சுமி. இரண்டு பக்கமும் கதவு உண்டு, கெட்டது அவள் பக்கத்துக் கதவு, முட்டுக் கட்டை அதில்தான் இருந்தது. அந்தக் கட்டையைப் பார்க்கும்போதெல்லாம் எனக்கு எரிச்சல் வரும். ஒரு பொருள் கெட்டுப்போனால் சரி செய்ய வேண்டும், கட்டையைச் சொருகி வைப்பது வேலையா.

ஆனால் நான் உடனே சரி செய்யவில்லை. அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

எங்கள் வீட்டில் நானும் அவளும்தான். அப்பா கரும்புத் தோட்டத்தில் வேலை செய்து சீக்கிரமே போய்விட்டார். அம்மா அறுபதாம் வருஷத்துப் பெரிய புயலில் போனாள். அப்போது தகர வீடு. காற்று கதவைப் பிய்க்கிறது, நான் முதுகைக் கொடுத்து நிற்கிறேன். அம்மா தனத்தைக் கட்டிலுக்கு அடியில் தள்ளிவிட்டு என்னைப் பார்த்துக் கத்தினாள். “தினி, ஐயா. தினி.” வீட்டில் எங்களுக்குப் பேச்சு கிரியோல்தான், தமிழ் கோயிலுக்கும், உறவு சொல்லிக் கூப்பிடுவதற்கும். தினி என்றால் பிடி. விடாதே, கெட்டியாகப் பிடி. நான் பிடிக்கவில்லை. கதவு என்னையும் தூக்கிக்கொண்டு உள்ளே விழுந்தது, பின்னாலேயே கூரை வந்தது. அம்மா சொன்ன கடைசி வார்த்தை அதுதான்.

அதற்கப்புறம் சிமெண்டுக் கல்லில் வீடு கட்டினேன். வெளிப்பக்கம் திறக்கிற கதவுக்கு வெளியே இரண்டு இரும்புக் கொண்டி அடித்து, குறுக்கே போட நல்ல கட்டை ஒன்று அறுத்து வைத்தேன். தங்கையை வளர்த்தேன். கல்யாணம் பண்ணிக்கொள்ளவில்லை. யாரும் என்னைக் கட்டாயப்படுத்தவில்லை, நானாகத்தான் பண்ணிக்கொள்ளவில்லை.

இந்த ஜனவரிக் கடைசியில் ஒரு நாள் அவள் வேலை முடிந்து வந்தாள். செருப்பைக்கூடக் கழற்றவில்லை.

“அண்ணே, என்னை எடுத்துட்டாங்க. இங்கிலாந்துல நர்ஸ் படிப்பு. தைப்பூசம் முடிஞ்சதும் பிளேன்.”

எனக்குத் தெரியாமல் எழுதிப் போட்டிருக்கிறாள். க்ளெமான் தபால் நிலையத்துக்குக் கூட்டிப் போயிருக்கிறான். நான் நல்லது என்றேன். பிறகு நிதானமாக எடுத்துச் சொன்னேன். அங்கே குளிர், கோயில் கிடையாது, ஒரு கஷ்டம் என்றால் கேட்க ஆள் இல்லை என்றேன். அவள் சிரித்தாள்.

“இங்க மட்டும் என்ன அண்ணே வாழுது? போர் லூயில வெட்டிக்கிறாங்க, வெள்ளைக்காரப் பட்டாளம் வந்து இறங்குது. சுதந்திரம் வந்தா இந்தத் தீவு என்ன ஆகுமோன்னு ஊரே பயப்படுது. நான் போய்ட்டு உங்களையும் கூப்பிட்டுக்கிறேன்.”

அவள் சொன்னதில் தப்பில்லை. எங்கள் தெருவிலேயே எத்தனை பேர் பெட்டி கட்டினார்கள். ஆனால் எனக்குத் தூக்கம் போயிற்று, சார்ஜன்ட். படுத்தால் முதுகில் அந்தத் தகரக் கதவு அழுத்துகிற மாதிரியே இருக்கும். பயந்தேன் என்று எழுதிக்கொள்ளுங்கள். அதில் எனக்கு வெட்கமில்லை.

தைப்பூசத்துக்கு விரதம் இருந்து பால் குடம் எடு, முருகன் துணையோடு போ என்று நான்தான் சொன்னேன். கொடியேறிய அன்று கோயிலில் அவள் இடது மணிக்கட்டில் ஐயர் மஞ்சள் காப்பு கட்டினார். பெண்களுக்கு இடது கையில்தான் கட்டுவார்கள். காப்புக் கட்டினால் அவிழ்க்கும் வரை ஊரை விட்டு வெளியே தங்கக் கூடாது. அந்தப் பத்து நாள் அவள் என் ஊரில்தான் இருப்பாள் என்பது உறுதி. எனக்குக் கொஞ்சம் மூச்சு வந்தது. அந்த வாரத்தில்தான் இயந்திரத்தைப் பிரித்தேன்.

வடத்தைப் புதிதாக மாற்றினேன். கதவு அருமையாக நின்றது, சும்மா சொல்லக் கூடாது. அப்படியே விட்டிருக்கலாம். விடவில்லை. ஆவி கசிகிறது என்று சொல்லி, கதவின் கீழ் விளிம்பில் ஒரு இரும்புப் பட்டையை வைத்து முடுக்கினேன். பட்டை ஏறியதும் எடை ஒத்துப்போகவில்லை, கதவு மறுபடி இறங்கியது, இந்தத் தடவை வேகமாக. அதனால் மேலே ஒரு கொக்கி போட்டேன். தூக்கி மாட்டினால் நிற்கும். கொக்கியின் நுனியை அரம் வைத்து ராவினேன். சும்மா நிற்கும்போது பிடித்துக்கொள்ளும். கூடையை வெளியே இழுக்கிற அதிர்வில் கழன்றுவிடும்.

நீங்கள் எழுதுவதை நிறுத்திவிட்டீர்கள். மெதுவாகச் சொல்கிறேன்.

க்ளெமானின் சவுக்குக் கட்டையை எடுத்து பாய்லரில் போட்டு எரித்தேன். எல்லாம் நடந்து முடிந்த பிறகு, கட்டையைத் தொலைத்தது அவன்தான் என்று மேனேஜர் அவனை வேலையை விட்டு நிறுத்திவிட்டார். அது அநியாயம். அவன்மேல் ஒரு குற்றமும் இல்லை. ஒருவன் செய்யாததை அவன் தலையில் கட்டுவது எனக்குப் பிடிக்காது.

தனம் கூடையை எப்படி எடுப்பாள் என்பது எனக்கு நன்றாகத் தெரியும். இடது கையை உள்ளே விட்டு இழுப்பாள், வலது கையால் தட்டுகளை எடுத்து மேடையில் அடுக்குவாள். வந்த நாளிலிருந்து அப்படித்தான். இதை நான் யோசிக்காமல் செய்தேன் என்று நினைக்காதீர்கள். சாப்பிட, எழுத, சாமி கும்பிட, எல்லாவற்றுக்கும் வலது கை வேண்டும். அது பத்திரமாக வெளியே இருக்கும். இடது கையில் இரண்டு விரல், மூன்று விரல் நசுங்கும். நர்ஸுக்கு இரண்டு கையும் வேண்டும். தங்கைக்கு ஒன்று போதும்.

அன்று காலையில் அவள் கதவைத் தூக்கிக் கொக்கியில் மாட்டினாள். முட்டுக் கட்டையைத் தேடிப் பார்த்துவிட்டு, பாய்லர் அறைப் பக்கம் திரும்பினாள்.

“தினி, அண்ணே?”

கதவு பிடித்து நிற்குமா என்று கேட்கிறாள். நான் செய்த வேலை என்பதால் என்னிடம் கேட்கிறாள்.

“தினி” என்றேன்.

கதவு விழுந்த சத்தம் பெரிதாக இல்லை. பிறகுதான் அவள் குரல் கேட்டது, பிறகு க்ளெமான் கத்தினான். “தண்ணியை நிறுத்து, ஐயாசாமி, தண்ணியை நிறுத்து.” கதவு மூடியதால் உள்ளே கொதிநீர் பாய்ந்துகொண்டிருக்கிறது. கொதிநீர்க் குழாயின் வால்வு என் கைக்கெட்டும் தூரத்தில் இருந்தது. உடனே மூட வேண்டும் என்று முன்னமே நினைத்து வைத்திருந்தேன். வாசல் வழியாக அவளைப் பார்த்தேன். மஞ்சள் காப்பு கட்டிய கை வெளியே இருந்தது. இடுப்புக்குப் பின்னால் மடித்து வைத்திருந்தாள். அது எப்படி வெளியே இருக்கும் என்று எனக்குப் புரியவில்லை. வால்வை மறந்து அந்தக் காப்பையே பார்த்துக்கொண்டிருந்தேன்.

மாட்டிறைச்சி தின்ற தட்டுகள், சார்ஜன்ட். விமானக்காரர்கள் தின்றது. காப்புக் கட்டிய கையால் அதை எப்படித் தொடுவாள்? அந்தக் கையைப் பின்னால் மடித்து வைத்துக்கொண்டு, எல்லா வேலையையும் வலது கையாலேயே செய்திருக்கிறாள். காப்புக் கட்டிய நாளிலிருந்தே அப்படித்தானாம், க்ளெமான் பிறகு சொன்னான். நான் பாய்லர் அறையில் இருக்கிறவன், எனக்குத் தெரியாது. காப்புக் கட்டிக்கொள் என்று சொன்னவனுக்கு இது தோன்றியிருக்க வேண்டும். தோன்றவில்லை.

அதனால் வலது கை என் கணக்கில் வராது. நான் நினைத்தது இடது கையை. மற்றதை முருகன்தான் கேட்க வேண்டும்.

வால்வை மூடினேன். கொஞ்சம் நேரமாகிவிட்டது. ஆஸ்பத்திரியில் மணிக்கட்டுக்கு மேலே எடுத்துவிட்டார்கள்.

வீட்டுக்கு அழைத்து வந்த பிறகு அவளுக்கு ஒரு குறையும் வைக்கவில்லை. தலை சீவினேன், முகம் கழுவிவிட்டேன். ஆஸ்பத்திரியில் யாரோ இடது கையால் கரண்டி பிடிக்கக் கற்றுக்கொடுத்திருந்தார்கள். அதை நான் அனுமதிக்கவில்லை. விரதம் இருந்த பிள்ளை இடது கையால் சாப்பிடலாமா? சோறு பிசைந்து நானே ஊட்டினேன். முதலில் வாயைத் திறக்க மாட்டாள். பசித்தால் திறப்பாள்.

காப்பு அவள் கையிலேயே இருந்தது. தைப்பூசத்தன்று அவள் ஆஸ்பத்திரியில் கிடந்தாள், கோயிலுக்குப் போய் அவிழ்க்க முடியவில்லை. அவிழ்த்துவிடு அண்ணே என்று கேட்டாள். பால் குடம் எடுக்காமல் அவிழ்க்கக் கூடாது, அடுத்த வருஷம் பார்க்கலாம் என்றேன். இடது மணிக்கட்டு முடிச்சை இடது கையால் அவிழ்க்க முடியாது, பாருங்கள்.

மார்ச் மாதம் சுதந்திரம் வந்து கொடி மாற்றிய அன்று ஊரே போர் லூயிக்குப் போயிற்று. க்ளெமான் வந்து அவளைக் கூப்பிட்டான். போ பசான் ஊரில் அவன் அத்தை மிஷெலினுக்கு வீடு இருக்கிறதாம், கொடியைப் பார்த்துவிட்டு அங்கே கொஞ்ச நாள் இருக்கட்டும், அத்தை இடது கையால் எழுதப் பழக்குவாள் என்றான். தனம் எழுந்து நின்றாள்.

“நான் போறேன், அண்ணே.”

“காப்பு இருக்குதே, தனம்.”

அவள் கையைப் பார்த்தாள். பிறகு என்னைப் பார்த்தாள்.

“அந்தக் கொக்கி பிடிக்காதுன்னு உங்களுக்குத் தெரியுமா?”

க்ளெமானை அனுப்பிவிட்டு அன்றுதான் முதல் தடவையாகக் கட்டையைப் போட்டேன். வெளியே வெடிச்சத்தம் கேட்டுக்கொண்டிருந்தது, அவள் உள்ளிருந்து கதவைத் தட்டிக்கொண்டிருந்தாள். ஒரே கையால் தட்டுகிற சத்தம் வேறு மாதிரி இருக்கும். அதற்கப்புறம் நான் வேலைக்குப் போகும் நாளில் எல்லாம் போட்டேன். புயல் காலம் இன்னும் முடியவில்லை, சார்ஜன்ட். எச்சரிக்கை வந்த பிறகு போடுவதைவிட முன்னாலேயே போட்டுவிடுவது நல்லது. எனக்கு அனுபவம் இருக்கிறது. அன்றைக்கு அந்தக் கதவு நின்றிருந்தால் அம்மா இருந்திருப்பாள்.

இதில் க்ளெமான் ஏன் மூக்கை நுழைத்து உங்களைக் கூட்டி வந்தான் என்று எனக்குப் புரியவில்லை. நீங்கள் வந்து கட்டையைத் தூக்கியபோது அவள் ஓடி வந்து உங்கள் பின்னால் நின்றுகொண்டாள். பயந்துவிட்டாள், அவ்வளவுதான். வெளி ஆட்களைப் பார்த்து நாளாகிவிட்டது. கேட்டுப் பாருங்கள், என்மேல் ஒரு குறையும் சொல்ல மாட்டாள்.

எங்கே கையெழுத்துப் போட வேண்டும்? போடுகிறேன். இயந்திரக் கதவு என் வேலை. வீட்டுக் கதவும் என் வேலை. இரண்டையும் நான்தான் செய்தேன், சுயபுத்தியோடு செய்தேன். ஆனால் சீக்கிரம் முடியுங்கள். நான் வீட்டுக்குப் போக வேண்டும்.

இந்த ஜன்னலிலிருந்து வாசல் பெஞ்சு தெரிகிறது. தனம் அங்கேதான் உட்கார்ந்திருக்கிறாள். மணிக்கட்டில் காப்பைக் காணோம், யார் அறுத்தது? க்ளெமான் ரொட்டி வாங்கிக் கொடுத்திருக்கிறான் போலிருக்கிறது. இடது கையில் பிடித்துக் கடித்துக் கடித்துத் தின்கிறாள், அவசரமே இல்லாமல், தெருவைப் பார்த்துக்கொண்டு.

மணி ஆகிறது, சார்ஜன்ட். என்னை விடுங்கள். நான் ஊட்டாவிட்டால் அவள் சாப்பிட மாட்டாள்.