ஒரே சீடியை இரண்டு தரம்

வேலையில்லாமல் வாடகை கட்ட முடியாமல், இருந்த அறையை விட்டுப் பையோடு வெளியேறி, ஸ்காபரோ பஸ் ஒன்றில் போய்க்கொண்டிருந்தேன். தகரம் அடிக்கும் தொழிற்சாலை வாசலில் நம்மவர் இருவர் ஏறி எனக்கு முன்னால் இருந்தார்கள். ஒருவன் சீடி பிளேயரில் பாட்டுக் கேட்டான். பாட்டு முடிந்ததும் ஹெட்போனை இடம் வலம் மாற்றிப் போட்டு, அதையே திரும்ப வைத்தான்.

"உதென்னடா சேட்டை?" என்றான் கூட வந்தவன்.

"இனித்தான் மற்றப் பக்கத்துக் கிட்டாருகள் கேக்கும்."

"விசரா, கிட்டாருக்குப் பக்கமிருக்கோ?"

"ஆறேழு கிட்டாரை ஒண்டுக்கு மேல ஒண்டா அடுக்கியிருக்கிறாங்கள். கசெற்றில எல்லாம் கூழாப் போயிடும், சீடியில ஒண்டும் குறையாது. பாதி இந்தக் காதுக்கு, பாதி அந்தக் காதுக்கு. எனக்கு இடது காது செத்துப்போச்சு. அதுதான் ரெண்டு தரம் கேக்கிறன்."

"மெஷின் சத்தத்துக்கு ரெண்டு காதிலயும் பஞ்சு வைச்சிருக்கலாமே."

"வைச்சால் சூப்பவைசர் கூப்பிடுறது கேக்காது. எங்கட ஆக்கள் எல்லாரும் ஒரு காதிலதானே வைக்கிறவை."

"பிறகேன் இண்டைக்கு உன்னை வேலையால நிப்பாட்டினவன்?"

"இடப்பக்கம் நிண்டு கூப்பிட்டவனாம். நான் திரும்பேல்லையாம்."

பிறகு அவன் ஹெட்போனைக் கழற்றி நீட்டினான். "ரெண்டு பக்கமும் சேந்தால் எப்பிடி இருக்குதெண்டு கேட்டுச் சொல்லு."

மற்றவன் ஒரு நிறுத்தம் வரை கேட்டான்.

"ஒரே இரைச்சல்" என்று திருப்பிக் கொடுத்தான்.

அடுத்த நாள் காலை வேலை கேட்டு அந்தத் தொழிற்சாலைக்குப் போனேன். ஒரு மெஷினுக்கு ஆள் இல்லை என்று உடனேயே எடுத்துக்கொண்டார்கள்.