ஆமைகள் இருக்கும் அறை

கோட்டைக் கழற்றிக்கொள்ளுங்கள். இந்த வீட்டில் சமையலறை எப்போதும் சூடாகத்தான் இருக்கும். கதவை மட்டும் சாத்திவிடுங்கள். நடைவழிக் குளிர் இந்தத் தொட்டியில் இருப்பவர்களுக்கு ஆகாது.

ஆமை வளர்ப்பது சுலபம் என்று எல்லோரும் நினைக்கிறார்கள். என் மகன் யாசெனும் பள்ளியில் படிக்கும்போது அப்படி நினைத்துத்தான் சந்தையிலிருந்து இரண்டு குஞ்சுகளைச் சட்டைப் பையில் போட்டுக்கொண்டு வந்தான். இப்போது பாருங்கள், ஒவ்வொன்றும் சூப்புத் தட்டு அளவுக்கு வளர்ந்துவிட்டது. பெரியவள், சின்னவள் என்றுதான் கூப்பிடுகிறோம்.

இவர்களுக்கு இரண்டு விளக்குகள் வேண்டும். ஒன்று சூட்டுக்கு. அந்தத் தட்டைக் கல்லில் ஏறி முதுகைக் காயவைத்துக்கொள்வார்கள். இன்னொன்று புற ஊதா விளக்கு. அது இல்லாவிட்டால் ஓடு மெத்தென்று ஆகிவிடும். அந்த விளக்கில் ஒரு சங்கடம் உண்டு. அது எரிந்துகொண்டேதான் இருக்கும், ஆனால் ஓட்டைக் கெட்டிப்படுத்தும் சத்து என்றோ தீர்ந்துபோயிருக்கும். பார்க்கிற கண்ணுக்கு வித்தியாசமே தெரியாது. அதனால் எரியும்போதே மாற்றிவிட வேண்டும். தண்ணீருக்குள் ஒரு ஹீட்டர் வேண்டும். அறைக் காற்றும் சூடாக இருக்க வேண்டும். தண்ணீர் வெதுவெதுப்பாகவும் காற்று குளிராகவும் இருந்தால் மூச்சுக்கு மேலே வரும்போது நெஞ்சில் சளி கட்டிவிடும்.

இதெல்லாம் எனக்குச் சொல்லிக்கொடுத்தது யாசென்தான், ஜெர்மனியிலிருந்து, போனில், ஞாயிறு மதியங்களில்.

என் கணவர் லூபெனைப் பற்றித்தான் கேட்க வந்திருக்கிறீர்கள், தெரியும். அதற்குத்தான் வருகிறேன்.

அவர் டான்யூப் ஆற்றில் இழுவைக் கப்பலின் கேப்டனாக இருந்தவர். இங்கே லோம் துறைமுகத்தில் அவரைத் தெரியாதவர் இல்லை. வீட்டில் இருந்த நாட்களைவிட ஆற்றில் இருந்த நாட்கள் அதிகம். யாசென் சின்னப் பையனாக இருந்தபோது பள்ளி விட்டதும் வீட்டுக்கு வரமாட்டான், நேரே கரைக்குப் போய் அப்பாவின் கப்பலுக்காகக் காத்திருப்பான். சோறு ஊட்டியது, காய்ச்சலில் பக்கத்தில் உட்கார்ந்தது, சட்டை தைத்தது எல்லாம் நான். ஓடிப்போய்க் கழுத்தைக் கட்டிக்கொள்வது அவரை. அது பரவாயில்லை. பிள்ளைகள் அப்படித்தான்.

பிறகு யாசென் வெளிநாடு போகிறேன் என்றான். லூபெனுக்கு அது பொறுக்கவில்லை. மேசையில் முஷ்டியால் குத்தினார்.

"போறவன் போ. ஆனா அங்க போய் உக்காந்துகிட்டு என்னைப் பத்தி ஒரு வார்த்தை விசாரிக்கக் கூடாது."

"சரி. விசாரிக்கமாட்டேன்" என்றான் இவன்.

அப்பனுக்குப் பிள்ளை தப்பாமல் பிறந்திருந்தான். சொன்ன சொல்லைக் காப்பாற்றினான். எனக்கு எப்போதாவது போன் செய்வான். ஒரு முறைகூட அப்பா எப்படி இருக்கிறார் என்று கேட்டதில்லை.

போன வசந்தத்தில் லூபெனுக்குப் பக்கவாதம் வந்து வலப்பக்கம் விழுந்துவிட்டது. பேச்சும் போனது. யாசெனின் அறை குளியலறைக்குப் பக்கம், வெயிலும் வரும். அதனால் அவரை அங்கே படுக்க வைத்தேன். யாசெனுக்குப் போனில் சொன்னேன்.

"ஆமையெல்லாம் எங்கம்மா இருக்கு?" என்றான்.

"உன் ரூம்லதான். அப்பாவும் அங்கதான் படுத்திருக்காரு. தொட்டி அவரு கால்மாட்டுல."

"சரி. ஆமையைக் காட்டு."

மாதக் கணக்கில் பேசாமல் இருந்தவன், அன்றிலிருந்து ஒரு ஞாயிறு தவறவில்லை. போனைத் தொட்டிக்கு நேரே பிடிக்கச் சொல்வான். இன்னும் கொஞ்சம் மேலே தூக்கு, விளக்கு சரியாக இருக்கிறதா பார்க்கிறேன் என்பான். விளக்குக்குப் பின்னால் கட்டில் தெரியும். ரூம் சூடா இருக்கா, ஜன்னல் இடுக்குல காத்து வருதா, நல்லா சாப்பிடுதுங்களா, தூங்குதுங்களா என்று கேட்பான். குளிர்காலம் வருவதற்குள் புது மின் ரேடியேட்டர் ஒன்றை வாங்கி பஸ்ஸில் போட்டு அனுப்பினான். "ஆமைங்க இருக்குற ரூம்ல வைம்மா. வேற எங்கயும் வைக்காதே" என்றான்.

ஒரு ஞாயிறு, அக்டோபர் கடைசி என்று நினைக்கிறேன், நான் போனைத் தூக்கிப் பிடித்திருந்தபோது லூபென் தொட்டிக்குப் பின்னாலிருந்து நல்ல கையை உயர்த்தினார். அவ்வளவுதான். ஆட்டக்கூட இல்லை. கப்பல் கரையை விட்டுக் கிளம்பும்போது மேல்தளத்திலிருந்து அப்படித்தான் தூக்குவார். திரையில் யாசெனின் முகத்தைப் பார்த்தேன். முப்பது வயதுக்காரன், அழுதுகொண்டிருந்தான். போனைப் பிடித்திருப்பவள் ஒருத்தி இருக்கிறாள் என்பதே இருவருக்கும் நினைவில்லை. என் கை வலித்தது. ஆனாலும் பிடித்துக்கொண்டுதான் இருந்தேன்.

மறுநாள் தொட்டியைச் சமையலறைக்கு மாற்றினேன். விளக்கு வெளிச்சம் லூபெனின் கண்ணை உறுத்தியது. நோயாளிக்கு ஓய்வு வேண்டும் இல்லையா.

எங்கள் ஊரில் குளிர்காலத்தில் ஒரே ஓர் அறையைத்தான் சூடாக்குவோம் என்பது உங்களுக்கும் தெரியும். மற்ற அறைகளைச் சாத்திவிட்டு, வசந்தம் வரை எல்லோரும் அந்த ஒன்றில்தான் வாழ்வோம். புது ரேடியேட்டர் ஆமைகளோடு இங்கே வந்துவிட்டது. யாசென் சொன்னபடிதான் செய்தேன். லூபெனின் அறையில் பழைய ரேடியேட்டர் ஒன்று இருந்தது. இரண்டையும் சேர்த்துப் போட்டால் ஃபியூஸ் போய்விடும். ஃபியூஸ் போனால் விளக்கும் தண்ணீர் ஹீட்டரும் அணைந்துவிடும். ஒன்றைத்தான் போட முடியும் என்றால் எதைப் போடுவது? ஆமைகள் பாவம், போர்வை போர்த்திக்கொள்ள முடியாது. லூபெனுக்கு மூன்று கம்பளி, தொப்பி, இரண்டு ஜோடி காலுறை கொடுத்தேன். அவரை நான் கவனிக்கவில்லை என்று யாரும் சொல்ல முடியாது. பீன்ஸ் சூப்பைச் சூடாகத்தான் கொண்டுபோவேன். குளிர்காலத்துக்கு உப்பில் போட்ட முட்டைக்கோஸ் பீப்பாயையும் அவர் அறைக்கே மாற்றினேன். சமையலறைச் சூட்டில் அது புளித்துக் கெட்டுவிடும்.

பேச்சு போன பிறகு அவரிடம் மிஞ்சியவை சில சொற்கள்தாம். தண்ணீர், இல்லை, குளிர். டிசம்பரில் மூன்றாவதைத்தான் அதிகம் சொன்னார்.

யாசென் விடவில்லை. "ஏம்மா மாத்தினே? அந்த ரூம்லதான் வெயில் வரும். திருப்பி அங்கயே வை" என்று ஒவ்வொரு வாரமும் கேட்டான். "அப்ப அந்த ரூம் இப்ப எப்படி இருக்கு? குளிருமே?"

"நல்லா சூடா இருக்கு" என்றேன்.

நிகுல்தென் அன்றும் கூப்பிட்டான். புனித நிக்கோலா நாள். ஆற்றுக்காரர்களின் பண்டிகை, லூபென் உயிராக நினைக்கும் நாள். நானும் கெண்டை மீனை அடுப்பில் வாட்டியிருந்தேன்.

"இன்னிக்கு மீன் செஞ்சியாம்மா?"

"செய்யாம இருப்பேனா?"

"ஆமைங்களுக்கு... அதுங்களுக்கு மீன் குடுத்தியா? முள்ளெல்லாம் எடுத்துட்டுக் குடு."

அப்போது உள் அறையிலிருந்து லூபென் சத்தம் போட்டார். மகனின் குரல் கேட்டிருக்க வேண்டும். அது சொல் அல்ல, வெறும் சத்தம். நான் எழுந்து போய்ச் சமையலறைக் கதவைச் சாத்தினேன். குளிர்காற்று வரும் அல்லவா.

"யாரோ கூப்பிட்ட மாதிரி இருந்துதே?" என்றான் யாசென்.

"பக்கத்து வீட்டு டிவி."

"ஓ" என்றான். பிறகு என்னைப் பற்றிக் கேட்டான். முட்டி வலி எப்படி இருக்கிறது, மருந்து சாப்பிடுகிறாயா என்று. எத்தனை வருடத்துக்குப் பிறகு. அதுவரை அவ்வளவு நிறைவாக நான் இருந்ததில்லை, அதையும் எழுதிக்கொள்ளுங்கள்.

கீழ் வீட்டு மெத்தோதியிடம் பேசிவிட்டீர்களா? துறைமுகத்தில் எலெக்ட்ரீஷியனாக இருந்தவர். நல்ல மனிதர், ஆனால் வாய் சும்மா இருக்காது. நவம்பரில் ஒரு நாள் லூபெனைப் பார்க்க வந்தவர், கையைத் தேய்த்துக்கொண்டே சமையலறைக்கு வந்தார்.

"என்ன நெவேனா இது? ஆமைக்கு வெந்நீர்க் குளியலு, எங்க கேப்டனுக்கு ஐஸ் பெட்டியா? அடுத்த ஜென்மத்துல ஓட்டோட பொறந்து உன் வீட்டுக்குத்தான் வரணும் நான்."

ஃபியூஸ் விஷயத்தைச் சொன்னேன். சிரித்தார். அவர் சொன்ன மற்றதைப் பிறகு சொல்கிறேன்.

ஆமைக்கு நெஞ்சில் சளி கட்டினால் எப்படித் தெரியும் என்று யாசென் சொல்லியிருந்தான். மூக்கில் குமிழி வரும், வாயைத் திறந்து மூச்சு விடும், சாப்பாட்டைத் திரும்பிப் பார்க்காது, ஒரு பக்கமாகச் சாய்ந்துவிடும். முந்தின வருடம் சின்னவள் அப்படி இருந்தபோது, வெந்நீர்ப் பையோடு துணியில் சுற்றி, பஸ் ஏறி, பக்கத்து நகரத்து மருத்துவரிடம் அன்றைக்கே ஓடினேன். லூபென் கிறிஸ்துமஸுக்கு முன் சூப்பை ஒதுக்கிவிட்டார். வாயைத் திறந்து மூச்சு விட்டார். ஒரு பக்கம் சாய்ந்தார். அது வாதத்தினால் என்று வைத்துக்கொண்டேன்.

ஒரு காலையில் காபி கொண்டுபோனபோது முடிந்துவிட்டிருந்தது. நிமோனியா என்றார் மருத்துவர். படுத்த படுக்கையாக இருப்பவர்களுக்கு வருவதுதான் என்றும் சொன்னார். கட்டட வாசலில் அவர் படத்தோடு இரங்கல் தாளை நானே ஒட்டினேன்.

யாசென் இரவும் பகலும் காரோட்டி வந்தான். நேரே தன் அறைக்குப் போனான். குளிரில் அவன் வாயிலிருந்து வந்த ஆவியை நான் வாசலில் நின்று பார்த்தேன். முட்டைக்கோஸ் பீப்பாயைப் பார்த்தான். பழைய ரேடியேட்டரில் கையை வைத்தான், தூசிதான் ஒட்டியது. பிறகு இங்கே வந்தான். ஆமைகளைக் குனிந்துகூடப் பார்க்கவில்லை.

"இந்த ரூம் நல்லா சூடா இருக்கும்மா" என்றான்.

"நீ சொன்ன மாதிரிதான்டா வெச்சிருக்கேன்."

"நான் ஆமையைப் பத்தியாம்மா கேட்டேன்?"

மெத்தோதி வீட்டுக்கு இறங்கிப் போனான். அடக்கம் முடிந்ததும் போலீஸ் ஸ்டேஷனுக்கு, உங்களிடம் வந்திருக்கிறான்.

மெத்தோதி சொன்னது உண்மைதான். நிகுல்தெனுக்கு முன்பே தனி வயர் இழுத்துக் கொடுத்துவிட்டார். "ரெண்டையும் போடு நெவேனா, இனிமே கல்யாண பேண்டே வாசிச்சாலும் ஃபியூஸ் போகாது" என்றார். கூலி வேண்டாமென்று ஒரு கிளாஸ் ராக்கியா சாராயம் குடித்துவிட்டுப் போனார். பழைய ரேடியேட்டரின் பிளக்கை நான் ஒரு நாளும் செருகவில்லை. மறந்துவிடவும் இல்லை. தினமும் சூப்பு வைக்கும்போது அந்தப் பிளக்கைத் தாண்டித்தான் போவேன்.

மகன் என்ன கேட்டான் என்று தெரியாதா என்கிறீர்கள். பெற்றவளுக்குத் தெரியாமல் இருக்குமா? முதல் ஞாயிறே தெரியும். அந்த ஞாயிற்றுக்கிழமைகள் எனக்கு வேண்டியிருந்தன, அவ்வளவுதான். அவர் ஆயுள் முழுக்க அந்தப் பிள்ளையின் அன்பை அனுபவித்தவர். எனக்குக் கொஞ்சம் வரட்டும் என்று நினைத்தேன்.

எங்கே கையெழுத்துப் போட வேண்டும்? போடுகிறேன். என் கோட்டை எடுத்துக்கொள்கிறேன், உங்களோடு வருகிறேன்.

ஒன்று மட்டும். காலையில் யாராவது வந்து விளக்கைப் போட வேண்டும், சாயங்காலம் அணைக்க வேண்டும். மெத்தோதியிடம் விடாதீர்கள், அவர் மறந்துவிடுவார். யாசெனுக்குச் சொல்லிவிடுங்கள். என் போனை எடுப்பதில்லை, உங்களுடையதை எடுப்பான். பெரியவளும் சின்னவளும் தனியாக இருக்கிறார்கள் என்று சொல்லுங்கள், போதும். வந்துவிடுவான். உயிருள்ள எதையும் குளிரில் விட்டுவிட அவனுக்கு மனம் வராது. அந்தக் குணம் அவனுக்கு என்னிடமிருந்து வந்ததுதான்.