நீல உப்பு

உப்பில்லாத கஞ்சியை என் மனைவி பெர்னடெட் வாயில் வைக்கமாட்டாள். எல்லாம் அங்கேதான் தொடங்கியது ஐயா.

தொண்ணூற்றொன்றில், உப்பளம் இருக்கிற ஆனையிறவில் சண்டை நடந்த பிறகு பருத்தித்துறைக் கடைகளில் உப்பே இல்லை. அதே வருடந்தான் எங்கள் ஒரே மகன் ஏர்னெஸ்ட் போன வள்ளம் கடலிலிருந்து திரும்பவில்லை. நேவி சுட்டுவிட்டது என்றார்கள் சிலர். பிடித்துக்கொண்டு போய்விட்டது என்றார்கள் சிலர். பெர்னடெட் பாயில் விழுந்தாள். கஞ்சியைக் கொண்டுபோனால் முகத்தைச் சுவர்ப்பக்கம் திருப்பிக்கொள்வாள்.

என்னைப் பற்றியும் சொல்லவேண்டும். நான் நாடகங்களில் பபூன் வேடம் கட்டுகிறவன். கோயில் வளவில் நான் மேடையேறினால் சனம் வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரிக்கும். பெர்னடெட் மட்டும் மகனை மடியில் வைத்து அவன் தலையைத் தடவிக்கொண்டிருப்பாள். அதை நான் பெரிதாக எடுத்ததில்லை.

உப்புத் தேடித் தொண்டைமானாற்று நீரேரிக் கரையால் நடந்தேன். கோடையில் தண்ணீர் வற்றிய இடங்களில் உப்பு வெள்ளையாகப் பூத்துக் கிடக்கும். ஒரு தாழம்பற்றைக்குப் பின்னால் மட்டும் நீலமாகப் பூத்திருந்தது. அள்ள அள்ள ஓலைக் கடகத்தின் பாரம் குறைந்துகொண்டே வந்தது. வரும் வழியில் அதைச் சைக்கிள் கரியரில் இறுக்கிக் கட்டவேண்டியிருந்தது. கீழே விழுந்துவிடும் என்று அல்ல, மேலே போய்விடும் என்று.

நான் அவசரப்படுகிற ஆள் இல்லை. முதலில் கோழிக்குத்தான் போட்டுப் பார்த்தேன். அது பனைகளுக்கு மேலால் சுற்றிவிட்டு அயல்வீட்டு லூர்த்தம்மாவின் கிணற்றடியில் மிகுந்த சந்தோசத்தோடு இறங்கியது. அதன் பிறகே பெர்னடெட்டின் கஞ்சியில் ஒரு சிட்டிகை போட்டேன்.

இரண்டு வாய் குடித்தாள். விக்கல் எடுத்தது. விக்கல் சிரிப்பானது. பாயை விட்டு ஒரு சாண் எழும்பினாள்.

"இஞ்சேருங்கோ, என்னைப் பிடியுங்கோ. நான் மேலை போறன்."

பிடித்தேன். கலியாண நாளில்கூட அவள் கை அப்படி இருந்ததில்லை.

அந்த நாட்களைப் போல எங்கள் வீடு என்றைக்கும் இருந்ததில்லை ஐயா. மண்ணெண்ணெய் இல்லை, சவர்க்காரம் இல்லை, குண்டுபோடப் பொம்பர் வந்துபோகும். பெர்னடெட் கூரை வளையைப் பிடித்துத் தொங்கியபடி ஒட்டடை அடிப்பாள். கொக்கத்தடி இல்லாமல் முருங்கைக்காய் பிடுங்குவாள். பூசைக்குப் போகும்போது சேலைத் தலைப்பில் கல் முடிந்துவிடுவேன். பாட்டு உச்சத்துக்குப் போனால் கல்லும் சேர்ந்து எழும்பும்.

"அருட்பிரகாசம் அண்ணை, உங்கடை மனிசிக்கு என்ன குடுக்கிறியள்?" என்று லூர்த்தம்மா கேட்டாள்.

"கஞ்சிதான் தங்கச்சி."

நான் சொன்ன பகிடிகளுக்கெல்லாம் பெர்னடெட் சிரித்தாள். பழைய பகிடிகளுக்கும் சிரித்தாள். வளையில் தலை முட்டும் வரைக்கும் சிரித்தாள்.

ஒருநாள் சுவரில் இருந்த படத்தைக் காட்டி, "ஆர் இந்தப் பெடியன்? நல்ல வடிவாயிருக்கிறான்," என்றாள்.

எவரை நினைத்து ஏங்குகிறோமோ அவரைத்தான் அந்த உப்பு மறக்கவைக்கும். என்னை அவள் ஒருநாளும் மறக்கவில்லை. அது எனக்குப் பெருமையாகக்கூட இருந்தது.

"நாடகத்திலை நடிச்ச பெடியன்," என்று சொல்லிப் படத்தைக் கழற்றிப் பெட்டிக்குள் வைத்தேன்.

நிறுத்திப் பார்க்கவில்லையா என்று கேட்கிறீர்கள். பார்த்தேன். ஒருநாள் காலையில் உப்புப் போடவில்லை. பின்னேரம் கால் நிலத்தில் பட்டது. பட்டதும் "ஏர்னெஸ்ட்" என்று ஒரு சத்தம் போட்டாள். அதை நீங்கள் கேட்டிருந்தால் நீங்களும் உடனே அடுப்பு மூட்டியிருப்பீர்கள்.

தொண்ணூற்றைந்து தைப்பொங்கலன்று, சண்டை நின்றிருந்த நாட்களில், ஏர்னெஸ்ட் வந்தான். தெற்கில் ஏதோ ஒரு சிறையில் இருந்திருக்கிறான். விட்டுவிட்டார்கள். மெலிந்து தாடி வளர்ந்து வாசல் படலையடியில் நின்றான்.

"அப்பா, அம்மா எங்கை?"

பெர்னடெட் வளையில் இருந்து எட்டிப் பார்த்தாள்.

"வாங்கோ தம்பி. ஆரைத் தேடி வந்தனீங்கள்?"

அவன் என்னைப் பார்த்தான். "அம்மாவுக்கு என்ன? என்னைத் தெரியேல்லையோ?"

"களைச்சு வந்திருக்கிறாய். முதல்லை சாப்பிடு," என்றேன்.

அடுத்த நாள் அவளுக்கு உப்புப் போடாமல் பின்னேரம் வரை பொறுத்திருக்கலாம் என்பது எனக்குத் தெரியும். அவள் இறங்கியிருப்பாள். அவனைக் கட்டிக்கொண்டு அழுதிருப்பாள். அதன்பிறகு அவன் சாப்பிட்டானா, நித்திரை கொண்டானா என்பதுதான் அந்த வீட்டுப் பேச்சாக இருந்திருக்கும். அழுகை அவளுடைய உடம்புக்குக் கூடாது ஐயா. அதை மட்டுந்தான் நான் யோசித்தேன்.

அவளுக்கு ஒரு சிட்டிகைதான் போடுவேன். மகனுக்குக் கடகத்தில் மிச்சமிருந்த முழுவதையும் போட்டேன். பசியோடு வந்தவன், உப்புக் கூடிவிட்டது என்றுகூடச் சொல்லவில்லை.

நன்றாகச் சிரித்தான். தாயின் சிரிப்பேதான். சோற்றுக் கோப்பையோடு எழும்பினான். நான் மணிக்கட்டைப் பிடித்து முற்றத்துக்குக் கூட்டிவந்தேன். முற்றத்துக்குக் கூரை கிடையாது.

"நீங்கள் ஆர் ஐயா?" என்று என்னைக் கேட்டான். அவன் எனக்காகவும் ஏங்கியிருக்கிறான் என்பது அப்போதுதான் எனக்குத் தெரிந்தது. அதைக் கொஞ்சநேரம் யோசித்துக்கொண்டு நின்றேன்.

கடற்கரைப் பக்கம் வானம் நிறையப் பட்டங்கள். அவற்றில் கட்டிய விண் நார் கூவிக்கொண்டிருந்தது. வாடைக்காற்று நல்ல பலம். அவன் கொக்குப்பட்டத்துக்கும் பாம்புப்பட்டத்துக்கும் நடுவால் கைகளை விரித்துக்கொண்டு போனான். கீழே நின்ற சனம், பட்டம் ஒன்று அறுத்துக்கொண்டு போகுது என்று விசிலடித்தது. பெர்னடெட் கதவுநிலையைப் பிடித்து மிதந்தபடி, தெரியாத ஒரு பெடியனுக்குக் கைகாட்டினாள். அவன் புள்ளியாகும் வரை காட்டினாள். பிறகு புள்ளியும் இல்லை.

மாரி வெள்ளத்தில் நீரேரி நிறைந்து நீல உப்பெல்லாம் கரைந்துவிட்டிருந்தது. மிச்சத்தை மகனுக்கே போட்டுவிட்டதை நான் அவசரத்தில் யோசிக்கவில்லை. அடுத்த நாள் அவளுடைய கால் நிலத்தில் பட்டது. எல்லாம் நினைவுக்கு வந்தது, யாருக்குக் கைகாட்டினாள் என்பது உட்பட. அப்படியே நடந்து வந்து உங்களிடம் என்மேல் முறைப்பாடு கொடுத்திருக்கிறாள்.

அவள் சொன்னது சரி. காற்று அவனைப் பிடுங்கவில்லை. அவன் என் கையை இறுக்கித்தான் பிடித்திருந்தான். விரல்களை நான்தான் ஒவ்வொன்றாக விடுவித்தேன். ஆனால் அவளிடம் இதையும் கேட்டு எழுதிக்கொள்ளுங்கள் ஐயா: அன்றைக்கு அவள் எவ்வளவு சந்தோசமாக இருந்தாள் என்று.