காய் வெடிக்கும் வரை

அவரைக் காய் வெடிக்கிற சத்தத்தை நீங்கள் கேட்டிருக்க மாட்டீர்கள், ஐயா. எல்லோரும் பிஞ்சிலேயே பறித்துச் சமைத்துவிடுகிறோம். செடியிலேயே காய விட்டால், நல்ல வெயிலில் பட்டென்று முறுக்கிக்கொண்டு இரண்டாகப் பிளக்கும். விதை நாலடி தள்ளிப் போய் விழும்.

நான் காவல் பார்த்தது கல்லவரை. காட்டுச் செடி, முழங்கால் உயரம், ஊதாப் பூ. கைவிட்ட அந்தக் கல்குவாரியின் விளிம்பில் ஏழு செடிகள் இருந்தன. உலகத்தில் வேறெங்கும் கிடையாது என்று என்னை வேலைக்கு வைத்த ஆராய்ச்சிக்காரர்கள் சொன்னார்கள். ஒரு வேலி, ஒரு தகரக் கொட்டகை, ஒரு நோட்டு, நான். ஒன்பது வருடம். பூச்சி, ஆடு, மழை என்று ஒவ்வொரு வருடமும் ஏதாவது ஒன்று; கைக்கு எட்டியது வாய்க்கு எட்டவில்லை. இந்த வருடம்தான் காய் நின்றது. நாற்பத்து மூன்று.

என் தங்கையின் புருஷன் தையல்காரர். ஞாயிற்றுக்கிழமைகளில் அவள் கட்டிக்கொடுக்கும் சாப்பாட்டைக் கொண்டுவருவார். நான் கல்யாணம் செய்துகொள்ளாதவன் என்பதால் செடிகளை என் வீட்டுக்காரி என்பார்.

"மச்சான், இந்த வருஷம் உங்க வீட்டுக்காரி மாசமா இருக்காங்க போல," என்று கேலி பேசிக்கொண்டே, ஓரத்துச் செடியின் காய்களைக் குனிந்து எண்ணினார். ஊசி கோக்கிற கண், தப்பாது. ஒன்பது என்றார். விளிம்பு சரிந்தது; மண்ணோடு அவரும் குவாரிப் பள்ளத்தில் விழுந்தார். நான் தள்ளவில்லை. அதை எழுதிக்கொள்ளுங்கள்.

முதலில் செடியைப் பார்த்தேன். வேர் பிடித்து நின்றது. பிறகு இறங்கினேன். கால் எலும்பு வெளியே தெரிந்தது. நினைவு நன்றாக இருந்தது. பள்ளத்துக்கு ஒரே ஒற்றையடித் தடம்தான். அது செடிகளுக்கு நடுவில் போகிறது. எங்கே கால் வைக்க வேண்டும் என்று எனக்குத் தெரியும். ஸ்ட்ரெச்சர் தூக்கி வரும் ஆறு பேருக்குத் தெரியாது. காய் வெடிக்க இன்னும் ஒரு நாள் வெயில் போதும். பறித்து வைத்திருக்கலாமே என்று உங்கள் எழுத்தர் கேட்டார். முற்றாத காயைப் பறித்தால் விதை முளைக்காது. தானாக வெடித்து மண்ணில் விழுந்துவிட்டால், பிறகு யார் மிதித்தாலும் கவலை இல்லை.

என்னை ஈவிரக்கம் இல்லாதவன் என்று நினைக்க வேண்டாம். தண்ணீர் கொடுத்தேன். தங்கை கொடுத்துவிட்டதை ஊட்டினேன். என் சட்டையைக் கழற்றி மடித்துத் தலைக்கு வைத்தேன்.

"ஆள் வர்றாங்களா மச்சான்?"

"வந்துட்டே இருக்காங்க மாப்ளே. ரோடு சரியில்லை."

தங்கை போன் செய்தபோது, மூன்று மணிக்கே கிளம்பிவிட்டார் என்றேன். அவள் தெருத்தெருவாகத் தேடினாளாம். அதை நினைத்தால் இப்போதும் மனசு கேட்கவில்லை.

இரண்டாம் நாள் வெயில் அடித்திருந்தால் இந்தப் பேச்சே வந்திருக்காது. மேகம் மூடிக்கொண்டது. எந்த மனிதன் மேலும் எனக்கு அவ்வளவு ஆத்திரம் வந்ததில்லை. மாப்பிள்ளைக்குக் காய்ச்சல் அனலாக அடித்தது. கால் கறுத்து வாடை வந்தது. ஆட்களைப் பற்றிக் கேட்பதை விட்டுவிட்டார்.

"அவகிட்ட சொல்லிட்டீங்களா?" என்று மட்டும் கேட்டார்.

"சொல்லிட்டேன். கிளம்பி வந்துட்டிருக்கா."

அதற்குப் பிறகு, தலைக்கு வைத்த சட்டையின் காலரை விரலால் நீவிக்கொண்டு அமைதியாகப் படுத்திருந்தார். அது அவர் தைத்த சட்டை.

மூன்றாம் நாள் வெயில் வந்தது. பதினொன்றரைக்கு முதல் காய் வெடித்தது. இரண்டு மணிக்குள் நாற்பத்திரண்டு. கடைசி ஒன்றுக்காக மேலும் ஒரு மணி நேரம் காத்திருந்ததைப் பேராசை என்று நீங்கள் சொல்லலாம். அப்புறம் போன் செய்தேன். ஆறு பேர் வந்தார்கள். நான் நினைத்தபடியே ஏழு செடிகளையும் மிதித்தார்கள். அவர்கள் தூக்கும்போது மாப்பிள்ளைக்கு மூச்சு இல்லை. முதல் நாளே கொண்டுவந்திருந்தால் காலோடு போயிருக்கும் என்றார் டாக்டர்.

தங்கையிடம் எல்லாவற்றையும் பொறுமையாக விளக்கினேன். கடைசிவரை கேட்டுவிட்டு, "இதுக்கு அவர் சம்மதிச்சாரா?" என்றாள். நீங்களும் சுற்றிவளைத்து அதையேதான் கேட்கிறீர்கள்.

மாப்பிள்ளைக்கும் அந்தச் செடி மேல் ஆசைதான், ஐயா. விஷயத்தை எடுத்துச் சொல்லியிருந்தால், "இருக்கட்டும் மச்சான், காய் வெடிக்கட்டும்" என்று அவரே சொல்லியிருப்பார். எனக்கு அதில் சந்தேகமே இல்லை. அதனால்தான் அவரிடம் கேட்கவில்லை.